பாதம் தெரியாத படங்கள்

1935-ல் கல்கத்தாவில் பரதநாட்டியக் கலைஞர் பாலசரஸ்வதி ஆடியதைப் பார்த்தவர்களில் 14 வயதுச் சிறுவன் சத்யஜித் ராயும் ஒருவர். பின்னாளில் திரைப்பட இயக்குநரான அவர், பாலசரஸ்வதியைப் பற்றிய 'பாலா' ஆவணப்படத்தை எடுத்து முடித்தது 1976-ல். அதற்குள் பாலாவுக்கு 58 வயது ஆகிவிட்டது. தமிழக அரசும் பம்பாயின் தேசிய நிகழ்த்துகலை மையமும் கைகோத்ததால் அந்தப் படமாவது நமக்குக் கிடைத்தது. ராய் சிறுவயதில் பார்த்து வியந்த இளம் பாலா அதில் இல்லை.

இன்று கேமரா இல்லாத கையே இல்லை. ஆனால் திரௌபதி அம்மன் திருவிழாவில் தெருக்கூத்து நடக்கும்போது என்ன நடக்கிறது? அர்ச்சுனன் தபசு மரம் ஏறும்போது நூறு செல்போன்கள் உயர்கின்றன. நள்ளிரவில் கட்டியங்காரன் அடிக்கும் நையாண்டியையும், பின்பாட்டையும், முகவீணையையும் எடுக்க ஆளில்லை. நெட்டுவாக்கில் பிடித்த படத்தில் முகம் தெரிகிறது. அடவு போடும் பாதம் தெரிவதில்லை. எந்த ஊர், எந்த ஜமா (கூத்துக்குழு), வாத்தியார் யார் என்ற குறிப்பும் இல்லை.

டச்சு இசை ஆய்வாளர் ஆர்னால்ட் பேக் 1938-ல் தென்னிந்தியக் கலைகளை ஒலியாகவும் படமாகவும் பதிவு செய்தார். இன்னோர் இசை ஆய்வாளர் நசீர் ஜைராஸ்பாய் 1984-ல் அந்தப் பதிவுகளோடு இங்கே வந்து, அதே கலைகள் என்ன ஆயின என்று தேடிப் பார்த்தார். ஊரும் பேரும் தெரியாத படத்தை வைத்துக்கொண்டு அப்படி யாரும் தேடிவர முடியாது.

கூத்தை முழுதாகப் பதிவு செய்து காக்கும் பொறுப்பை ஒருவர் தலையில் கட்டிவிட முடியாது. எதை எடுக்கலாம், எதை எடுக்கக்கூடாது என்பதைக் கலைஞர்கள் சொல்லட்டும். பார்ப்பவர்களை மறைக்காமல் ஒரு கேமரா விடிய விடிய நிற்க விழாக்குழு இடம் ஒதுக்கட்டும். எடுப்பவர் கூத்துக்களரி முழுவதும் தெரிய எடுத்து, விவரம் எழுதி, ஒரு பிரதியை ஜமாவிடம் கொடுக்கட்டும். அந்தப் படத்தால் பணம் வந்தால் அதிலும் பங்கு தரட்டும். பக்கத்துக் கல்லூரியும் மாவட்ட நூலகமும் இன்னொரு பிரதியைக் காக்கட்டும். கருவிகள் மாற மாறப் படத்தையும் புதிய வடிவுக்கு மாற்றி வைக்க அரசு நிதி ஒதுக்கட்டும். பார்க்க வருகிற நாம் செல்போனைக் கொஞ்சம் இறக்கி வைப்போம்.

இது பெரிய செலவு பிடிக்கும் காரியமல்ல. அடுத்த பாரதக்கூத்துக்கு நாள் குறிக்க ஊர் கூடும்போது, பந்தலையும் விளக்கையும் பேசுகிற அதே மூச்சில் இதையும் பேசி முடித்துவிடலாம்.