திரையில் தெரிந்த முகமும் தெருவில் தேய்ந்த காலும்

தேர்தல் நெருங்கினால் போதும், “முகம் தெரிந்தவரை நிறுத்துங்கள், வெற்றி தானே வரும்” என்ற குரல் கிளம்பிவிடுகிறது. கொடி கட்டியவன், சுவரெழுதியவன், சிறை சென்றவன் எல்லாம் ஒதுங்கி நிற்க வேண்டுமாம்! சின்னத்திரையில் சிரித்தவர் வந்து நின்றால் போதுமாம்!

தோழர்களே, இதற்கு விடை தேடித் தொலைவு செல்ல வேண்டாம். கனகம்மாசத்திரத்தைக் கடந்து திருப்பதிச் சாலையில் சென்றால் திருத்தணி. அதையும் தாண்டினால் ஆந்திர எல்லை. எல்லைக்கு அப்பால் நகரி. நெசவாளர் நிறைந்த ஊர், தமிழும் தெலுங்கும் கலந்து ஒலிக்கும் ஊர். விடை அங்கே இருக்கிறது.

நடிகை ரோஜாவை அறியாதார் யார்? 1992-இல் ‘செம்பருத்தி’ வாயிலாகத் தமிழகம் அறிந்த முகம். 2004-இல் தெலுங்கு தேசத்தின் சார்பில் நகரியில் நின்றார், தோற்றார். 2009-இல் சந்திரகிரியில் நின்றார், தோற்றார். முகம் தெரியாமலா தோற்றார்?

பின்னர் ஒய்.எஸ்.ஆர். காங்கிரசில் இருந்தார். 2013-இல் ‘ஜபர்தஸ்த்’ என்னும் தெலுங்கு நகைச்சுவை நிகழ்ச்சியின் நடுவரானார். வாரந்தோறும் வீட்டுக்குள்ளேயே வந்த அந்த முகத்துக்கு 2014-இல் நகரி தந்த முன்னிலை எவ்வளவு? 858 வாக்குகள்! 2019-இல் 2,708! அவர் உழைக்கவில்லை என்று கூறமாட்டோம்; சட்டமன்றத்திலிருந்து ஓராண்டு விலக்கப்படும் அளவுக்கு வாதாடியவர். அந்த வெற்றிகளில் உழைப்பின் பங்கை மறைத்துவிட்டுத் திரைக்கே மாலை சூட்டுவது நேர்மையா?

2022-இல் அமைச்சரானார், நிகழ்ச்சியை விட்டார். அமைச்சருக்குப் பொருந்தாத நடுவர் நாற்காலி, சட்டமன்ற உறுப்பினருக்கு மட்டும் எட்டாண்டுகள் எப்படிப் பொருந்தியது? மக்களின் பிரதிநிதி மக்களுக்கு முழுநேர ஊழியர் அன்றோ!

2024-இல் அதே நகரி அவரை ஏறத்தாழ 45 ஆயிரம் வாக்குகளில் தோற்கடித்தது. “அலை வீசியது” என்பார்கள். வீசியது உண்மை, 151 இடங்கள் பெற்ற கட்சி 11-க்குச் சுருங்கியது. அலை வந்தால் கரைந்துபோகும் முகத்தை நம்பியா நாம் கோட்டை கட்டுவது?

“எம்.ஜி.ஆர். வெல்லவில்லையா?” என்று கேட்பார்கள். வென்றார். 1953-இல் கழகத்தில் சேர்ந்தவர் 1977-இல்தான் முதலமைச்சரானார். இடையே இருபத்துநான்கு ஆண்டுகள்! நடிப்பில் நிகரற்ற சிவாஜி கணேசனோ தனிக்கட்சி கண்டு, 1989-இல் திருவையாற்றில் தோற்றார். கைதட்டல் வேறு, வாக்கு வேறு.

1960 ஏப்ரல் முதல் நாள் திருத்தணி தமிழகத்தோடு இணைந்தது. அதை மீட்டது எந்தத் திரை? ம.பொ.சி.யும் மங்கலங்கிழாரும் ஊர் ஊராய் நடந்தார்கள். தொண்டர்கள் சிறை புகுந்தார்கள். அவர்களுள் பலருடைய முகம் இன்று நமக்குத் தெரியாது. ஆனால் அவர்கள் மீட்ட மண்ணில்தான் நாம் நிற்கிறோம்!

கலைஞர்கள் வரட்டும்; வரவேற்போம். வந்து வரிசையில் நிற்கட்டும்; கிளையில் உழைக்கட்டும்; பிறகு வாய்ப்புக் கேட்கட்டும். தேய்ந்த காலைத் தள்ளிவிட்டுத் தெரிந்த முகத்தைத் தூக்கும் இயக்கம், ஒரு தேர்தலை வெல்லலாம், தொண்டனை இழக்கும். தொண்டனை இழந்தபின் அதனிடம் எஞ்சுவது என்ன?