மன்னிப்புக்கு முன் ஒரு கேள்வி

ஹோலியன்று உறவினர் கூடும் வட இந்திய வீடுகளில் அடிக்கடி காணும் காட்சி இது. "வேண்டாம்" என்ற குழந்தையின் முகத்தில் மாமா வண்ணம் பூசுகிறார். குழந்தை அவர் கையைத் தட்டிவிட்டுக் கத்துகிறது. உடனே, "பெரியவரிடம் மன்னிப்புக் கேள்" என்கிறது வீடு. 'புரா ந மானோ, ஹோலி ஹை' - 'வருத்தப்படாதே, இது ஹோலி' - என்னும் வழக்கு பெரியவரின் அத்துமீறலைப் பொறுத்துக்கொள்ளச் சொல்கிறது. குழந்தையின் சினத்துக்கு அந்தச் சலுகை இல்லை.

இதை வெறும் பண்புக்குறைவாகக் கருத இயலாது. மகளிர், குழந்தைகள் மேம்பாட்டு அமைச்சகத்தின் 2007 ஆய்வின்படி, குழந்தைகளைப் பாலியல் துன்புறுத்தலுக்கு உள்ளாக்கியோருள் பாதிப்பேர் அவர்களுக்கு அறிமுகமானோர் அல்லது அவர்களது நம்பிக்கைக்குரியோர். வண்ணம் பூசும் உறவினர் எல்லாரும் ஐயத்துக்குரியோர் அல்லர். ஆயினும், சிறிய 'வேண்டாம்' மதிக்கப்படாத வீட்டில் பெரிய 'வேண்டாம்' சொல்லக் குழந்தை எவ்வாறு துணியும்?

குழந்தை உரிமைகளுக்கான ஐ.நா. உடன்படிக்கையை இந்தியா 1992-இல் ஏற்றது. குழந்தையைப் பாதிக்கும் எதிலும் அதன் கருத்துக்கு மதிப்பளிக்கச் சொல்கிறது அதன் 12-ஆம் பிரிவு. அந்தக் கடமை வீட்டுக் கூடத்திலிருந்தே தொடங்க வேண்டும். மரியாதை கற்பிப்பது தேவைதான், "என்ன நடந்தது?" என்று முதலில் குழந்தையிடம் கேட்பது அதனினும் தேவை.