அந்தப் பதினைந்து நாளில் நமக்கு என்ன வேலை?

பிள்ளைகளுக்குக் கல்யாணம் செய்துவைத்துவிட்ட பெற்றோரே, கோபத்தோடுதான் எழுதுகிறேன். என் மேலும் சேர்த்துத்தான்.

போன வருஷம் என் மகள் ஒரே ஒரு பையோடு வந்து நின்றாள். ஈரத் துண்டைக் கட்டிலில் போட்டது யார், கேஸை அணைக்க மறந்தது யார் என்று தினமும் ராத்திரி பதினொரு மணி வரை வாக்குவாதமாம். "பதினஞ்சு நாள் தனித்தனியா இருந்து பாப்போம்மா" என்றாள். இருவருமாகப் பேசி எடுத்த முடிவு. மாப்பிள்ளைதான் பஸ் ஏற்றிவிட்டிருக்கிறார்.

மூன்றாம் நாளே வீட்டில் கூட்டம். "நகையெல்லாம் கையோட எடுத்துட்டு வந்துட்டியா?" என்று கேட்டாள் அவள் அத்தை. மகள் காப்பி டம்ளரைக் கீழே வைத்தாள். பிறகு அதைத் தொடவே இல்லை. அன்று ராத்திரி மாப்பிள்ளை போன் செய்தார். "எடுக்காதே, ரெண்டு நாள் தவிக்கட்டும்" என்றேன். பெற்றவள் நான் சொன்னேன். அங்கே சம்பந்தியம்மாவும் "அவளே வரட்டும், நீ போகாதே" என்று மகனைப் பிடித்துவைத்திருந்தாராம்.

ஆடிக்குப் புதுப்பெண்ணை அழைத்துவந்து வைத்துக்கொள்கிறோமே, அப்போது யாராவது நகையை எண்ணுகிறோமா?

மனமொத்து விவாகரத்துக் கேட்டால்கூட, ஓராண்டு பிரிந்து வாழ்ந்த பிறகுதான் மனு, அதன்பின் ஆறு மாதம் பொறு என்கிறது இந்து திருமணச் சட்டம். அந்த ஆறு மாதத்தை நீதிமன்றம் தளர்த்தலாம் என்று 2017-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதும், இனிச் சேரவே வழியில்லை என்றாகிவிட்ட வழக்குகளுக்குத்தான். முதலில் சமரசத்துக்கு முயலுங்கள் என்று 1984-ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றச் சட்டம் நீதிபதிக்கே கடமை வைத்திருக்கிறது. முன்பின் தெரியாத நீதிபதி பொறுக்கிறார். நமக்கு மூன்று நாள் தாங்கவில்லை.

அடி உதை, வரதட்சணைக் கொடுமை என்றால் பேச்சே வேறு. அங்கே ஒரு நாளும் காத்திருக்கக் கூடாது. பெண்கள் உதவி எண் 181-ஐ அழையுங்கள், மகளை உங்களோடு வைத்துக்கொள்ளுங்கள். நான் பேசுவது துண்டுக்கும் அடுப்புக்கும் முட்டிக்கொள்ளும் பிள்ளைகளைப் பற்றி. அவர்கள் கேட்டது கொஞ்சம் மூச்சுவிட இடம். பஞ்சாயத்து கேட்கவில்லை.

மகள் வந்தால் சோறு போடுங்கள், தூங்கவிடுங்கள். மகன் தனியாக இருந்தால், மருமகளைப் பற்றி அவனிடம் ஒரு சொல் பேசாதீர்கள். உறவுக்காரர் விசாரித்தால் "ரெண்டு நாள் இருக்க வந்திருக்கா" என்பதோடு நிறுத்துங்கள். ராத்திரி போன் அடித்தால், தயவுசெய்து எழுந்து அடுத்த அறைக்குப் போய்விடுங்கள்.