காபிபோசா: தப்பவிடுவது சட்டமா, அலுவலகமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

தங்கக் கடத்தலில் பிடிபட்டவர்கள் சட்டத்தின் ஓட்டை வழியாக வெளியே வந்துவிடுகிறார்கள், எனவே காபிபோசா என்னும் தடுப்புக்காவல் சட்டத்தை இன்னும் இறுக்க வேண்டும் என்று சென்ற இதழில் எழுதியிருந்தீர்கள். உயர் நீதிமன்ற வளாகத்தில் வழக்கறிஞர் குமாஸ்தாவாக இருந்து, ஆட்கொணர்வு மனுக்களுக்கு ஆவணக் கட்டு தயார் செய்தே தலை நரைத்தவன் நான். கடத்தல்காரர்களுக்கு வக்காலத்து வாங்க வரவில்லை. ஆனால் கோளாறு செய்த அலுவலகத்தை விட்டுவிட்டு, அதைக் கண்டுபிடித்த நீதிமன்றத்தின் மேல் பழி போடுவதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க முடியவில்லை.

காபிபோசா 1974 டிசம்பரில் நடைமுறைக்கு வந்தது. மத்திய அரசில் இணைச் செயலாளர், மாநில அரசில் செயலாளர் பதவிக்குக் குறையாத, இதற்கென்றே அதிகாரம் பெற்ற ஓர் அதிகாரி கையெழுத்திட்டால் போதும்; விசாரணையே இல்லாமல் ஒருவரை ஓராண்டு அடைத்து வைக்கலாம். தமிழ்நாட்டுக் கடற்கரையிலிருந்து 50 கிலோமீட்டர் உள்வரைக்கும் கடத்தல் அபாயப் பகுதி என்பதால், 1999 ஜூலை வரை போட்ட உத்தரவுகளில், தனியாக ஓர் அறிவிப்பு வெளியிட்டு அதை இரண்டாண்டாகவும் நீட்ட முடிந்தது. செய்த குற்றத்துக்குத் தண்டனை தர சுங்கச் சட்டம் இருக்கிறது. அதில் ஏழாண்டு வரை சிறை உண்டு. காபிபோசாவோ இனிமேலும் செய்வார் என்ற அனுமானத்துக்காக அடைப்பது. இதில் சாட்சிக் கூண்டும் கிடையாது, குறுக்கு விசாரணையும் கிடையாது. அதிகாரியின் அனுமானம் சரியா தவறா என்று உயர் நீதிமன்றம்கூட எடை போட்டுப் பார்ப்பதில்லை. நடைமுறை ஒழுங்காகப் பின்பற்றப்பட்டதா என்றுதான் பார்க்கும்.

அந்த நடைமுறையும் அப்படியொன்றும் கடினமானதல்ல. ஏன் அடைத்தோம் என்பதை ஐந்து நாளுக்குள் எழுத்தில் கொடுக்க வேண்டும். விதிவிலக்கான சூழலில், காரணத்தைப் பதிவு செய்துவிட்டு, 15 நாள் வரை எடுத்துக்கொள்ளலாம். அதை எதிர்த்து மனு கொடுக்க மிக விரைவில் வாய்ப்புத் தர வேண்டும் என்கிறது அரசமைப்புச் சட்டத்தின் 22(5)-வது உறுப்பு. ஐந்து வாரத்துக்குள் விஷயத்தை அறிவுரைக் கழகத்துக்கு அனுப்ப வேண்டும். மூன்று பேர் கொண்ட அந்தக் கழகம், காவலில் வைத்த நாளிலிருந்து 11 வாரத்துக்குள் அறிக்கை தர வேண்டும். போதிய காரணம் இல்லை என்று கழகம் சொன்னால் ஆளை விட்டுவிட வேண்டும். ஒரு மனிதனை விசாரணையின்றி அடைப்பதற்கு அரசிடம் சட்டம் கேட்கும் விலை மொத்தமே இவ்வளவுதான். இதையும் கொடுக்காத அரசுக்காகவா நாம் பரிதாபப்பட வேண்டும்?

என் மேசைக்கு வந்த கட்டுகளில் பெரும்பாலானவை 'குருவி'களுடையவை. தங்கத்தைச் சுமந்து வரச் சொல்லி, போக வர டிக்கெட்டும் கையில் கொஞ்சம் பணமும் கொடுத்து அனுப்பப்படுகிறவர்கள். ஒரு கட்டைப் பிரித்தால் பாஸ்போர்ட் பக்கங்கள், போர்டிங் பாஸ், மகஜர், நகை மதிப்பீட்டாளரின் சான்று, சுங்கச் சட்டம் 108-வது பிரிவின்படி வாங்கிய வாக்குமூலம், ரிமாண்ட் உத்தரவு, வாட்ஸ்அப் படங்கள் என்று வரிசையாக இருக்கும். ஜெராக்ஸுக்கு ஜெராக்ஸ் எடுத்து, குடியேற்ற முத்திரை இருந்த இடம் வெறும் கறுப்புச் சதுரமாகியிருக்கும். மகஜரில் வலது ஓரத்து எழுத்துகள் பாதி வெட்டுப்பட்டிருக்கும். பெரும்பகுதி ஆங்கிலம். கடைசித் தாளில், எல்லாம் தமிழில் படித்து விளக்கப்பட்டது என்று அதுவும் ஆங்கிலத்திலேயே தட்டச்சு செய்திருப்பார்கள். அதன் கீழே கோணல்மாணலாக ஒரு தமிழ்க் கையெழுத்து. இந்தக் கட்டை வைத்துக்கொண்டு அந்த ஆள் புழல் சிறையில் உட்கார்ந்து தன் தரப்பை எழுத வேண்டும்.

வாயால் விளக்கினோம் என்பது போதாது, அவருக்குத் தெரிந்த மொழியில் எழுத்தில் தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் ஒரு காபிபோசா வழக்கிலேயே சொல்லிவிட்டது. ஆதாரமாகக் கொண்ட ஆவணங்களின் நகல்களையும் சேர்த்தே கொடுக்க வேண்டும் என்பது 1980-ல் வந்த இன்னொரு தீர்ப்பு. தமிழ் மட்டுமே தெரிந்தவருக்கு ஓர் ஆங்கில ஆவணத்தின் தமிழாக்கத்தைத் தரவில்லை என்பதற்காக, 1999-ல் நம் மாநிலத்தின் தடுப்புக்காவல் உத்தரவு ஒன்று ரத்தானது. இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகும் அதே காரணத்துக்காக உத்தரவுகள் விழுகின்றன என்றால், பாடம் படிக்காதது யார்?

கேரளத்தில் எழுந்த ஒரு காபிபோசா வழக்கை உச்ச நீதிமன்றம் 2024 செப்டம்பரில் தீர்த்தது. காவலில் இருந்தவர் கொடுத்த மனுவைச் சிறை நிர்வாகம் சாதாரணத் தபாலில் அனுப்பியிருந்தது. அது போய்ச் சேரவில்லை. சேர்ந்ததா என்று யாரும் கேட்கவுமில்லை. மனு பரிசீலனைக்கு வர ஏறக்குறைய ஒன்பது மாதம் ஆயிற்று. காவலே ஓராண்டு, அதில் முக்கால்வாசி, ஒரு மனு கிடந்த இடம் தெரியாமல் போயிற்று. நீதிமன்றம் உத்தரவை ரத்து செய்தது. இதை ஓட்டை என்று எப்படிச் சொல்வது?

ஜாமீன் விஷயமும் இப்படித்தான். குற்றவியல் நீதிமன்றம் பாஸ்போர்ட்டை ஒப்படைக்கச் சொல்லி, நிபந்தனை போட்டு ஜாமீன் தருகிறது. கடத்தலைத் தடுக்க அந்த நிபந்தனைகளே போதாதா என்று யோசிக்காமல் போட்ட காபிபோசா உத்தரவு ஒன்றை, 2025 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. ஜாமீனை எதிர்த்து வாதாடி ஜெயிக்க முடியாதபோது கைக்கு எளிதாகக் கிடைக்கும் கம்பாகத் தடுப்புக்காவலைப் பயன்படுத்தக் கூடாது என்பதுதான் இதன் சாரம்.

இறுக்கிப் பார்த்த காலமும் உண்டு. நெருக்கடி நிலையின்போது 12ஏ என்ற பிரிவைச் சேர்த்து, காரணமே சொல்லாமல் அடைத்து வைக்க வழி செய்தார்கள். அதனாலெல்லாம் கடத்தல் ஒழிந்துவிடவில்லை. கடத்தலின் லாபம் இறக்குமதி வரியில் இருக்கிறது. தங்கத்தின் மீதான வரியை 2024 ஜூலை பட்ஜெட்டில் 15 சதவீதத்திலிருந்து 6 சதவீதமாகக் குறைத்தார்களே, அது குருவியை அனுப்பும் முதலாளியின் மடியில் நேராகக் கை வைத்தது. ஒரு குருவியை அடைத்தால் அடுத்த விமானத்தில் இன்னொரு குருவி வரும்.

எனவே சட்டத்தை இறுக்குவதற்கு முன்னால் செய்ய வேண்டியவை இருக்கின்றன. அறிவுரைக் கழகத்தின் முன் வழக்கறிஞர் வைத்துக்கொள்ள காவலில் இருப்பவருக்கு உரிமை இல்லை என்கிறது காபிபோசாவின் 8-வது பிரிவு. அரசுத் தரப்பு சட்டம் தெரிந்தவர்களை வைத்து வாதாடினால் இவருக்கும் வழக்கறிஞரை அனுமதிக்க வேண்டும், வழக்கறிஞர் அல்லாத நண்பரின் உதவியையாவது மறுக்கக் கூடாது என்று ஏ.கே. ராய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அரைகுறையான இந்தச் சலுகையை முழு உரிமையாக்க வேண்டும்.

அடுத்து, 1978-ல் நிறைவேறிய 44-வது அரசமைப்புத் திருத்தம். அறிவுரைக் கழகத்தின் கருத்து இல்லாமல் அடைத்து வைக்கும் காலத்தை மூன்று மாதத்திலிருந்து இரண்டாகக் குறைத்து, கழகத்தை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதியின் பரிந்துரைப்படி அமைக்கச் சொன்னது அதன் 3-வது பிரிவு. நாடாளுமன்றம் நிறைவேற்றிய அந்தப் பிரிவுக்கு எந்தக் கட்சி அரசும் இன்றுவரை அறிவிக்கை வெளியிடவில்லை. அதை உடனே செய்ய வேண்டும். சிறையிலிருந்து வரும் மனுக்களை அன்றைக்கே மின்னஞ்சலில் அனுப்பி, ஒப்புகையின் நகலைக் காவலில் இருப்பவரிடம் கொடுக்க வேண்டும். எந்தெந்த உத்தரவு எந்தக் கோளாறால் ரத்தானது, அதற்குப் பொறுப்பு யார் என்பதை ஆண்டுதோறும் வெளியிட வேண்டும்.

உங்களிடமும் ஒரு வேண்டுகோள். அடுத்த முறை ஓர் உத்தரவு ரத்தானால், 'கடத்தல்காரர் விடுதலை' என்பதோடு செய்தியை முடிக்காதீர்கள். தமிழாக்கம் கொடுக்காதது யார், மனுவைக் கிடப்பில் போட்டது யார் என்று அந்தத் துறையிடம் கேட்டு, அவர்கள் சொல்லும் பதிலையும் சேர்த்து அச்சிடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வழக்கறிஞர் குமாஸ்தா ஒருவர்,
ராயபுரம், சென்னை.