தீர்க்கதரிசியும் தேதி குறிப்பவனும்

தீர்க்கதரிசனம் என்னும் சொல்லைக் கேட்ட மாத்திரத்தில் நம்மவரிற் பெரும்பாலாருக்கு ஜாதகமும் பஞ்சாங்கமுமே நினைவுக்கு வருகின்றன. வரப்போவதை முன்கூட்டி உரைப்பவனே தீர்க்கதரிசி என்றும், அவன் குறித்த நாளில் குறித்த காரியம் நடந்துவிட்டால் அவன் மெய்யன், நடவாவிடில் பொய்யன் என்றும் ஒரு சுலபமான கணக்கை நாம் வைத்துக்கொண்டிருக்கிறோம். ராஜீய வாழ்விலும் இக்கணக்கே செல்லுபடியாகிறது. இன்ன ஆண்டுக்குள் இன்னது கைகூடும் என்று மேடையேறி முழங்குபவருக்கு மாலை விழுகிறது. நம்மிடத்துள்ள குறையை எடுத்துரைப்பவருக்குத் துரோகிப் பட்டம் கிடைக்கிறது. இக்கணக்கு தவறானது மட்டுமன்று, ஒரு ஜனசமூகத்தையே அழிவுக்கு இட்டுச் செல்லக்கூடியது என்பது நமது துணிபு. சமய நூலும் சித்திரமும் கதையும் சரித்திரமும் இதற்குச் சான்று பகர்கின்றன.

யூத ஜாதியாரின் வேதத்திலே எரேமியா என்றொரு தீர்க்கதரிசியின் சரிதம் வருகிறது. கி.மு. 597-ல் பாபிலோன் சக்கரவர்த்தி நேபுகாத்நேச்சார் எருசலேமைப் பணிய வைத்து, அரசனையும் பிரபுக்களையும் கைவினைஞரையும் சிறை கொண்டு போனான். ஆலயத்துப் பாத்திரங்களையும் வாரிச் சென்றான். எஞ்சிய நாட்டில் சிதேக்கியா என்பவன் பாபிலோனுக்குக் கப்பம் கட்டும் அரசனாக இருந்தான். அடிமைப்பட்ட மக்களின் நெஞ்சு எவ்வாறு கொதித்திருக்கும் என்பதை நம்மவர்க்கு விரித்துச் சொல்லவேண்டுவதில்லை.

அந்தச் சமயத்தில் அனனியா என்னும் ஒருவன் ஆலயத்திலே ஜனத்திரள் முன்பு எழுந்து நின்று, இரண்டே ஆண்டுகளில் பாபிலோனின் நுகம் முறிக்கப்படும், பாத்திரங்களும் சிறைப்பட்டோரும் திரும்பி வருவர் என்று உரைத்தான். எரேமியாவோ தமது கழுத்தில் மரநுகம் ஒன்றைப் பூட்டிக்கொண்டு, இப்போது எதிர்த்தெழுந்தால் நகரமே பாழாகும் என்று எச்சரித்துத் திரிந்தவர். அனனியா அந்த நுகத்தை அவர் கழுத்திலிருந்து பிடுங்கி எல்லோர் முன்னிலையிலும் முறித்தெறிந்தான். கூட்டம் யார் பக்கம் நின்றிருக்கும்? நாமே அங்கிருந்திருந்தால் யாருக்கு ஜே போட்டிருப்போம்? நேயர்கள் மனமறியப் பதில் சொல்லட்டும். அனனியாவின் வாக்கு தேசபக்தியின் வாக்காகவும், எரேமியாவின் வாக்கு அந்நியனுக்கு அடிபணியும் கோழையின் வாக்காகவுமே நமது காதில் விழுந்திருக்கும்.

ஆனால் நடந்தது என்ன? இரண்டு ஆண்டுகள் கழிந்தன, நுகம் முறியவில்லை. சிதேக்கியா எதிர்த்தெழுந்தான். கி.மு. 586-ஐ ஒட்டி எருசலேம் முற்றுகையில் வீழ்ந்தது, ஆலயம் எரிந்தது, அரசனுடைய கண்களைப் பிடுங்கி விலங்கிட்டுக் கொண்டுபோயினர்.

எரேமியா பகைவனுக்கு விலைபோனவரா? அவருடைய செயல்களைப் பார்ப்போம். அரசனுடைய குற்றங்களையும், ஏழைகளை ஒடுக்கிய பிரபுக்களின் அநீதியையும் அவர் வாயாரக் கண்டித்தார். சிதேக்கியாவுக்கு முன்னர் ஆண்ட யோயாக்கீம் என்னும் அரசன், எரேமியா சொல்ல அவரது எழுத்தர் பாரூக் எழுதிய சுருளைக் குளிர்காலத்தில் கணப்பு முன் அமர்ந்து வாசிக்கச் சொல்லிக் கேட்டான். வாசித்த பகுதிகளை ஒவ்வொன்றாகக் கத்தியால் அறுத்துத் தீயிலிட்டான். எரேமியா வேறொரு சுருளை எடுத்து எரிந்ததனைத்தையும் மறுபடி எழுதுவித்து, மேலும் பலவற்றைச் சேர்த்தார். 1928-ல் பாரதியாரின் பாடல் நூல்களைப் பறிமுதல் செய்த சென்னை சர்க்கார் இச்சரிதத்தைப் படித்திருந்தால், எரித்த எழுத்து இரட்டித்து வரும் என்பதை அறிந்திருக்கும்.

முற்றுகைக் காலத்திலே, போர்வீரரின் கைகளைத் தளரச் செய்கிறார் என்று குற்றஞ்சாட்டிப் பிரபுக்கள் அவரைச் சேறு நிறைந்த குழியில் இறக்கிவிட்டனர். எத்தியோப்பியன் ஒருவனே கந்தைத் துணிகளையும் கயிறுகளையும் கொண்டு அவரைத் தூக்கிவிட்டான். ராஜத்துரோகம் என்னும் குற்றச்சாட்டு எவ்வளவு பழமையானது பாருங்கள்! 1935-ல் பழைய லாகீஸ் நகரின் இடிபாடுகளில், அந்தப் போர்க்காலத்தில் சேனையதிகாரிகளிடையே நடந்த கடிதப் போக்குவரத்து, மையால் ஓட்டுத்துண்டுகளில் எழுதப்பட்டதாய்க் கிடைத்தது. அவற்றுள் ஒன்று தீர்க்கதரிசி ஒருவனைக் குறிப்பிடுகிறது. மற்றொன்று கைகளைத் தளரச் செய்யும் சொற்களைப் பற்றி முறையிடுகிறது. எச்சரிப்பவனைக் கண்டு அதிகாரிகள் அஞ்சுவது கட்டுக்கதையன்று என்பதற்கு அந்த ஓடுகள் சாட்சி.

இவற்றினும் பெரிய அத்தாட்சி ஒன்றுண்டு. பகைவன் நகரைச் சூழ்ந்திருக்க, தாம் காவலில் அடைபட்டிருக்க, எரேமியா தமது சொந்த ஊராகிய ஆனதோத்தில் ஒரு நிலத்தைப் பதினேழு சேக்கல் வெள்ளி கொடுத்து வாங்கினார். பத்திரம் எழுதி, சாட்சி வைத்து, மண்பாண்டத்தில் நெடுநாள் கெடாதிருக்கும்படி வைக்கச் செய்தார். இந்நாட்டில் மறுபடியும் வீடும் வயலும் வாங்கப்படும் காலம் வரும் என்பது அதன் பொருள். நகரம் வீழ்ந்த பின்னர் பாபிலோனின் தளபதி, தன்னுடன் வந்தால் பராமரிப்பதாகச் சொன்னபோது, அவர் அதனை ஏற்காமல், நாட்டில் விடப்பட்ட ஏழை ஜனங்களோடேயே தங்கினார். அனனியாவின் நம்பிக்கைக்கு ஒரு காசும் செலவில்லை, கைதட்டல் வரவு. எரேமியாவின் நம்பிக்கைக்கு வெள்ளியும் வியர்வையும் செலவு, குழியே வரவு. மெய்யான தீர்க்கதரிசியை அறியும் உரைகல் இதுவே.

சித்திரக்காரர்கள் இதை நன்குணர்ந்திருந்தனர். 1630-ல் ஹாலந்து தேசத்து ரெம்பிராண்ட் வரைந்த எரேமியா, தலையைக் கையில் தாங்கிச் சாய்ந்திருக்கும் கிழவர். பின்னே நகரம் எரிகிறது. தாம் சொன்னது பலித்துவிட்டது என்ற பெருமையின் சாயை அம்முகத்தில் அணுவளவும் இல்லை. தம் வாக்குப் பொய்த்திருக்கலாகாதா என்று ஏங்கும் முகம் அது. மைக்கேலாஞ்சலோ 1508 முதல் 1512 வரை ரோமாபுரியில் சிஸ்டைன் ஆலயத்தின் மேற்கூரையில் வரைந்த ஏழு தீர்க்கதரிசிகளுள்ளும் எரேமியா வாயைக் கையால் மூடிக் குனிந்தே அமர்ந்திருக்கிறார். அங்கே பீடத்துக்கு நேர் மேலே, யாவரினும் முக்கியமான ஸ்தானத்தில், அச்சித்திரக்காரர் யாரை வைத்தார் தெரியுமா? யோனாவை. குறித்த தேதியில் சொன்னது நடவாமற்போன தீர்க்கதரிசியை!

யோனாவின் கதை யாவரும் அறிந்ததே. நாற்பது நாளில் நினிவே நகரம் கவிழ்க்கப்படும் என்று அவர் அறிவித்தார். நகரத்தார் கேட்டனர், அரசன் சிங்காசனத்தை விட்டிறங்கிச் சாம்பலில் உட்கார்ந்தான், பெரியோரும் சிறியோரும் தீயவழியை விட்டுத் திரும்பினர், நகரம் தப்பியது. தம் வாக்குப் பொய்த்துவிட்டதே என்று யோனா கோபங்கொண்டார். ஆண்டவன் அக்கோபத்தைக் கண்டித்தான். பஞ்சாங்கக்காரனின் கணக்கில் யோனா தோற்றவர். நமது கணக்கிலோ அவரைப் போல் ஜெயித்தவர் இல்லை. எச்சரிக்கையின் வெற்றி, எச்சரித்தது நடவாமற்போவதே.

தேதியை நம்பினவர் கதி என்னவாயிற்று என்பதற்குத் தென்னாப்பிரிக்காவின் சரித்திரத்தில் கண்ணீர் வரவழைக்கும் ஓர் அத்தியாயம் உண்டு. ஆங்கிலேயரோடு பல போர்களில் தோற்று நிலமிழந்திருந்த கோசா ஜனங்களின் மாடுகளை, ஐரோப்பியக் கால்நடைகளோடு வந்திறங்கிய நுரையீரல் நோயும் வாரிக்கொண்டிருந்த காலம். 1856-ல் நோங்கவூசே என்னும் இளம்பெண், முன்னோரின் ஆவிகளைக் கண்டதாகக் கூறினாள். மாடுகளை எல்லாம் கொன்று, தானியத்தை அழித்து, விதைக்காமலிருந்தால், மாண்டோர் எழுவர், புதிய மந்தைகள் வரும், வெள்ளையர் கடலுக்குள் துரத்தப்படுவர் என்றாள். ஏறக்குறைய நான்கு லட்சம் மாடுகள் வெட்டப்பட்டன என்று சரித்திர ஆசிரியர் மதிப்பிடுகின்றனர். குறித்த நாட்கள் வந்தன. 1857 பிப்ரவரியில் இறுதி நாளும் வந்தது. சூரியன் எப்போதும்போல் உதித்து எப்போதும்போல் மறைந்தான். அதன்பின் பசியால் மாண்டோர் சுமார் நாற்பதினாயிரம். கவர்னர் சர் ஜார்ஜ் கிரே அந்தப் பசியையே ஆயுதமாக்கிக்கொண்டார். உயிர் பிழைத்தோர் வெள்ளையர் பண்ணைகளில் கூலிகளாயினர். அவர்களது நிலம் குடியேறிகளுக்குப் போயிற்று. அந்தப் பெண்ணை நகைப்பது எளிது. நாம் நகைக்க மாட்டோம். அவளது சொல்லை அவர்கள் நம்பும்படி செய்தது அவர்களுடைய நிராசை. தேதி வியாபாரம் என்றுமே நிராசையிலேதான் செழிக்கிறது.

அதே 1857-ல் நமது நாட்டிலும், 1757-ல் நடந்த பிளாசிப் போரிலிருந்து நூறாண்டு முடிந்ததும் கும்பினி ஆட்சி தொலையும் என்னும் வாக்கு வடக்கே ஊர் ஊராகப் பரவியிருந்தது. சிப்பாய்களும் குடிகளும் செய்த வீரச்செயல்களைக் குறைத்துப் பேச நமக்கு நாவெழாது. கும்பினி ஆட்சி 1858-ல் ஒழிந்ததும் உண்மையே; ஆயின் அதனிடத்தில் ராணியின் ஆட்சி வந்து அமர்ந்தது. அந்நிய ஆட்சி நீங்க மேலும் தொண்ணூறாண்டு உழைப்பு வேண்டியிருந்தது. காலக்கணக்கு ஸ்வராஜ்யம் தரவில்லை, மனிதர் தந்தனர்.

இங்கே ஓர் ஆட்சேபம் எழக்கூடும். 1920-ல் காந்தியடிகளே ஓராண்டில் ஸ்வராஜ்யம் என்று கூறவில்லையா என்று கேட்பர். கூறினார், நிபந்தனையோடு கூறினார். அந்நியத் துணியையும் சர்க்கார் கல்விச்சாலைகளையும் நீதிஸ்தலங்களையும் துறந்து, ராட்டை சுற்றி, தீண்டாமையை ஒழித்து, ஹிந்துக்களும் முஸ்லிம்களும் ஒன்றுபட்டு, அஹிம்சை வழுவாது நின்றால் என்றார். நம்மவரிற் பலர் ஓராண்டு என்பதை மாத்திரம் மனப்பாடம் செய்துகொண்டு நிபந்தனையை மறந்தனர். ஆண்டு முடிந்தது, ஸ்வராஜ்யம் வரவில்லை, எதிரிகள் எள்ளி நகைத்தனர். 1922 பிப்ரவரியில் சௌரி சௌராவில் ஜனக்கூட்டம் போலீஸ்காரரை எரித்துக் கொன்றபோது, நிபந்தனை முறிந்ததை உணர்ந்து அவரே இயக்கத்தை நிறுத்தினார். தேதி பிசகியதற்காக அவரைக் குறைகூறுவாரோடு நாம் சேரோம். ஆயினும் தேதி என்பது ஜனங்களின் செவியில் எவ்வளவு எளிதாய் நிபந்தனையை விழுங்கிவிடுகிறது என்பதை அவ்வாண்டு நமக்குக் கற்பித்தது. தலைவர்கள் இப்பாடத்தை மறத்தலாகாது.

கதாசிரியரின் தீர்க்கதரிசனத்தையும் சிறிது ஆராய்வோம். 1914-ல் ஆங்கில ஆசிரியர் எச்.ஜி. வெல்ஸ், அணுவின் ஆற்றலால் நகரங்கள் எரியும் ஒரு யுத்தத்தைக் கற்பனை செய்து, அணுகுண்டு என்னும் பெயரையும் தம் நாவலில் வழங்கினார். 1932-ல் அந்நாவலைப் படித்த ஹங்கேரிய விஞ்ஞானி லியோ சிலார்டு, மறு ஆண்டே லண்டனில் தொடர்வினை என்னும் கருத்தைக் கண்டுகொண்டார். ஜெர்மானியர் முந்திவிடுவர் என்று அஞ்சி, 1939-ல் ஐன்ஸ்டீன் கையெழுத்திட்டு அமெரிக்க ஜனாதிபதிக்குச் சென்ற கடிதத்துக்கு அவரே காரணமானார். ஆனால் 1945 ஜூலையில், அக்குண்டை ஜப்பான் மீது அவசரப்பட்டுப் பிரயோகித்தலாகாது என்று சுமார் எழுபது விஞ்ஞானிகளின் கையொப்பத்தோடு விண்ணப்பம் விடுத்தவரும் அவரே. விண்ணப்பம் பலிக்கவில்லை, ஆகஸ்டு 6-ஆம் தேதி ஹிரோஷிமா எரிந்தது. வெல்ஸின் கற்பனை பலித்தது என்று இதைக் கொண்டாடுவோர் உளர். பலித்ததில் கொண்டாட என்ன இருக்கிறது? எச்சரிக்கை தோற்றது என்பதன்றோ அதன் பொருள்!

நமது பாரதியாரையும் தீர்க்கதரிசி என்று கூறுகிறோம். விடுதலை கைவந்துவிட்டதாகவே அவர் ஆடிப் பாடியதும், அவர் 1921-ல் மறைந்து இருபத்தாறு ஆண்டுகளுக்குப் பின் அது வந்ததும் யாவரும் அறிந்தவை. அவர் தேதி குறித்ததாக நாம் கேட்டதில்லை. விடுதலை பெற்றவனைப்போல் இன்றே நிமிர்ந்து நில், ஜாதிப் பெருமையையும் பெண்ணடிமையையும் இன்றே விடு என்பதே அவரது உபதேசம். வறுமையிலும் புதுச்சேரி வாசத்திலும் அதற்குரிய விலையை அவர் கொடுத்தார். ஆனதோத்து நிலத்தை வாங்கிய எரேமியாவின் இனத்தவர் அவர்.

தேசத் தொண்டில் இறங்கியுள்ள அன்பர்களுக்கு நாம் விண்ணப்பிப்பது இதுவே. உங்கள் மேடைக்கு வருபவர் எதிரியின் குற்றத்தை மட்டும் சொல்லி நம் குற்றத்தை மறைக்கிறாரா? தேதியைச் சொல்லி நிபந்தனையை விழுங்குகிறாரா? தமது வாக்குக்காகத் தாம் எதை இழந்தார்? இம்மூன்று கேள்விகளையும் கேட்டுவிட்டுப் பிறகு கைதட்டுங்கள். அந்நிய ஆட்சி நீங்கியதனால் அனனியாக்கள் நீங்கிவிடவில்லை. குழிகளும் தூர்ந்துவிடவில்லை, அவற்றில் தள்ளுபவர் இப்போது நம்மவர் என்பதே வித்தியாசம். பத்திரிகையாளராகிய நாமும் தீர்க்கதரிசிகள் அல்லோம். ஆயின் சுருள் எரிந்தால் மறுபடி எழுதவேண்டும் என்பதையேனும் பாரூக்கிடம் நாம் கற்றிருக்கிறோம். குழியில் கிடப்பவருக்குக் கயிறு இறக்கும் தைரியம் ஜனங்களிடத்தே இருக்கட்டும். எழுதும் வேலையை நாம் விடோம்.