பீப் சத்தம் கேட்டால் போதுமா?

கொஞ்சம் கோபமாகத்தான் எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். ஐ.டி.ஐ.யில் எலக்ட்ரீஷியன் பாடம் எடுத்தவனுக்கு ஓய்வு பெற்ற பிறகும் கண் சும்மா இருப்பதில்லை.

போன வாரம் மருமகன் கட்டும் கடை வளாகத்தைப் பார்க்கப் போனேன். கூரையை ஒட்டி 40 மீட்டருக்குக் கேபிள் ட்ரே. பவுடர் கோட்டிங், பளபளவென்று இருக்கிறது. 2.5 மீட்டர் துண்டுகள் 16, நடுவே 15 இணைப்பு. ஒன்றில்கூடக் காப்பர் ஜம்பர் இல்லை. பெயின்ட் மேலேயே பிளேட்டை வைத்து போல்ட்டை முடுக்கியிருக்கிறார்கள். வேலை எடுத்த தம்பி என் மாணவன்தான், பெயர் சொல்ல மாட்டேன். "சார், அது வெறும் தட்டு சார். கரண்ட் கேபிளுக்குள்ளதானே போகுது" என்கிறான்.

வெறும் தட்டா? வளைவில் கிரைண்டரால் அறுத்த விளிம்பை அரம் போட்டுத் தேய்க்கவே இல்லை. விரல் வைத்தால் கிழிக்கும். அதன் மேல்தான் ஆர்மர் இல்லாத கேபிளை இழுத்திருக்கிறார்கள். உறை கிழிந்து பேஸ் தட்டைத் தொட எத்தனை நாள் ஆகும்?

உடனே மல்டிமீட்டரை எடுத்தான். ஒரு இணைப்பின் இரண்டு பக்கமும் சுரண்டி வைத்தான். பீப்! "பாருங்க சார், கன்டினியூட்டி இருக்கு." மீட்டரை வாங்கி ஓம்ஸில் வைத்தேன். 20 ஓம். பல மீட்டர்களில் அந்த பஸ்ஸர் 30 ஓம் வரைக்கும்கூடக் கத்தும்.

கணக்கு நீங்களே போடுங்கள். 230 வோல்ட், 20 ஓம். 11.5 ஆம்பியர்தான் ஓடும். அங்கே இருப்பது 32 ஆம்பியர் எம்.சி.பி. அது விழவே விழாது. இணைப்புக்கு அந்தப் பக்கத் தட்டு முழுக்க கிட்டத்தட்ட 230 வோல்ட்டோடு தொங்கும். ஏணி போட்டு ஏசி பார்க்க ஏறுகிறவன் கை வைத்தால் அவ்வளவுதான். ஆர்.சி.சி.பி. இருந்தால் விழும், உண்மை. அந்த லைன்களுக்குப் போடவில்லையே!

இதில் என் தப்பும் இருக்கிறது. பீப் வந்தால் சரி என்று வகுப்பில் சொன்னவன் நான். ஒயர் அறுந்திருக்கிறதா என்று பார்க்க அது போதும். எர்த்துக்குப் போதாது. குறைந்தது 200 மில்லியாம்பியர் செலுத்தி அளக்கும் மீட்டர் வேண்டும், ஓமில் ஒரு சிறு பங்குதான் காட்ட வேண்டும். இந்த வித்தியாசத்தை நான் அழுத்திச் சொல்லவில்லை.

கட்டடம் கட்டுகிற சொந்தக்காரர்களே, நீங்களும் தப்ப முடியாது. மீட்டருக்கு இவ்வளவு என்று ரேட்டைக் குறைக்கத் தெரிகிறது. அந்த ரேட்டில் ஜம்பர் உண்டா, தட்டின் இரண்டு முனையும் எர்த்துக்குப் போகிறதா என்று ஒருவராவது கேட்டீர்களா? மருமகனும் கேட்கவில்லை. அவனுக்கும் திட்டு விழுந்தது.

15 ஜம்பர், பல் வாஷர், ஒரு அரம். ஒருநாள் வேலை. சனிக்கிழமை முடித்துத் தருகிறேன் என்று தம்பி சொல்லியிருக்கிறான். நான் மீட்டரோடு போகிறேன். அதுவரை ஃபால்ஸ் சீலிங்காரரை உள்ளே விடாதே என்று மருமகனிடம் சொல்லி வைத்திருக்கிறேன்.