நடுவர் தீர்ப்பும் அறுபது நாளும்

நடுவர் ஒருவரை வைத்துத் தகராற்றைத் தீர்த்துக்கொள்வோம் என்று கையொப்பமிட்டவர், தீர்ப்புத் தமக்குப் பாதகமாய் வந்ததும், "இருக்கட்டும், கோட்டில் பார்த்துக்கொள்கிறேன்" என்று எழுந்து போவதுண்டு. கோட்டில் அவர் எதைப் பார்க்கக்கூடும், எதைப் பார்க்க இயலாது என்பதையே இவ்வாரம் எடுத்துக்கொள்கின்றோம்.

பன்வில கடைவீதியில் ஒரு கடையும் அதன் நிலமும் விலைக்கு வருவதாக வைத்துக்கொள்வோம். தோட்டத்திலே பிறந்து, சிறு வியாபாரம் செய்து பொருள் சேர்த்த ஒருவர் வாங்க முன்வருகின்றார். உடன்படிக்கை எழுதி முற்பணமும் கொடுத்தாயிற்று. இதற்கிடையில் நிலத்தின் விலை ஏறிவிடவே, விற்பவர் உறுதி முடிக்கப் பின்வாங்குகின்றார். பிணக்கு நேர்ந்தால் நடுவரிடம் விடுவது என்று உடன்படிக்கையில் ஒரு வாசகம் இருக்கிறது. நடுவர் இருபுறமும் கேட்டு, உறுதி முடித்துக் கொடுக்கவே வேண்டும் என்று தீர்க்கின்றார்.

நம்மவர் நன்கு அறிந்தது 1988ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அமைந்த மத்தியஸ்த சபை. அது இருவரையும் இணங்கவைக்க முயலுமேயன்றித் தீர்ப்புக் கூறாது. நடுவரோ தீர்ப்பே கூறுபவர். சட்ட ஏடுகளில் இதற்கு 'எதேச்சைத் தீர்ப்பு' என்றும் பெயருண்டு. அதைக் கேட்போர், நடுவர் தம் மனம்போனபடி தீர்க்கலாம் போலும் என்று எண்ணிவிடுகின்றனர். பெயர் வைத்தவர்கள் சற்று யோசித்திருக்கலாம்.

இப்பொழுது நடைமுறையிலுள்ளது 1995ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கச் சட்டம். தீர்ப்பை நீக்கக் கோருபவர், அது தம் கையில் கிடைத்த 60 நாட்களுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். கண்டியில் மாவட்ட நீதிமன்றம் இருக்கிறதே என்று அங்கே போய்ப் பயனில்லை. சட்டம் முதன்மையாகக் குறிப்பது கொழும்பில் கூடும் மேல் நீதிமன்றத்தை. பன்விலவிலிருந்து கண்டிக்கு இறங்கி, அங்கிருந்து கொழும்புக்குப் போய், சட்டத்தரணியும் அமர்த்துவதற்குள் நாட்கள் பறந்துவிடும்.

போனாலும் என்ன சொல்லலாம்? உடன்படிக்கை சட்டப்படி செல்லாது எனலாம். தமக்கு உரிய அறிவித்தல் வரவில்லை, தம் கட்சியைச் சொல்ல இடமளிக்கவில்லை எனலாம். நடுவர் தம்மிடம் விடப்படாத விஷயத்தைத் தீர்த்தார் எனலாம். தீர்ப்புப் பொதுக் கொள்கைக்கு முரண் எனலாம். பிற வழிகளும் சில உண்டு. ஆனால், "நடுவர் என் சாட்சியை நம்பவில்லை" என்பது அவற்றில் ஒன்றன்று. இராணுவத்துக்குக் குண்டு துளையா அங்கி விற்ற ஒரு விவகாரத்தில், 2007இல் நம் உயர் நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது: நடுவர் தீர்ப்பை எதிர்ப்பது மேன்முறையீடு ஆகாது.

காணி விற்பனையில் உறுதி முடிக்குமாறு கட்டளையிட நடுவருக்கு அதிகாரம் உண்டா? பம்பாயில் அடுக்குமாடி வீடுகளை விற்ற ஒலிம்பஸ் சூப்பர்ஸ்ட்ரக்சர்ஸ் என்ற கம்பெனி, இல்லை என்றே வாதாடியது. 1999இல் இந்திய உச்ச நீதிமன்றம், உண்டு என்று கூறி வாங்கியவர்கள் பக்கம் நின்றது. அத்தீர்ப்பு நம் நீதிமன்றங்களைக் கட்டாது. என்றாலும் அதன் நியாயம் நமக்குச் சரியாகவே படுகின்றது.

விற்பவர் தப்புவதற்கு வலுவான வழி பெரும்பாலும் வேறிடத்தில் இருக்கும். 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கட்டளைச் சட்டப்படி, காணியை விற்பதற்கான வாக்குறுதியுங்கூட நொத்தாரிசு முன்னிலையில், இரு சாட்சிகளுடன், எழுத்தில் இருத்தல் வேண்டும். கடைக்குள் உட்கார்ந்து ஒரு தாளில் எழுதி முத்திரை ஒட்டிக் கைச்சாத்திட்டது காணி விஷயத்தில் நில்லாது. இன்னொன்று, நடுவர் தீர்ப்பு கையொப்பமிட்டவர்களையே கட்டும். நிலம் பிரியாப் பங்காயிருந்து, கையொப்பமிடாத சகோதரி ஒருத்தி இருந்தால், அவள் பங்கை எந்த நடுவரும் விற்றுவிட முடியாது.

வென்றவரும் வீட்டில் உட்கார்ந்திருக்கலாகாது. விற்றவர் இணங்காவிடின், தீர்ப்பளித்து 14 நாட்கள் கழிந்தபின், ஓராண்டுக்குள் அதே மேல் நீதிமன்றத்தில் அதை நிறைவேற்றித் தருமாறு விண்ணப்பிக்க வேண்டும். தீர்ப்புக் கிடைத்த தேதியை அந்தக் கடித உறையின் மேலேயே இருதரப்பாரும் குறித்துவைப்பது நன்று. வழக்கில் முதலில் கேட்கப்படுவது அதுவாகவே இருக்கலாம்.